இயக்கப் போகும் தோழிக்கு

அன்புள்ள தோழிக்கு,

உன் கடிதம் வெள்ளிக்கிழமை வந்தது. தங்கை, அண்ணி, இப்போது மாமியார் என்று இத்தனை வருஷம் சீரியல் கேமராவுக்கு முன்னால் நின்றவளிடம், "செகண்ட் யூனிட்டை நீங்களே டைரக்ட் பண்றீங்களா?" என்று கேட்டிருக்கிறார்கள்! அன்றைக்கு எனக்கு வேறு வேலையே ஓடவில்லை. அம்மாவிடம்தான் முதலில் போய்ச் சொன்னேன். "காலேஜ் நாடகத்திலேயே எல்லாரையும் அங்க நில்லு, இங்க நில்லுன்னு நிறுத்தினவ அவதானே" என்றார். அவருக்கு இதில் ஆச்சரியமே இல்லை.

இங்கே எல்லோரும் நலம். அம்மாவுக்குக் கண்புரை ஆபரேஷன் நல்லபடியாக முடிந்து, மறுபடி காலையில் பேப்பரை எழுத்து விடாமல் படிக்கிறார். சின்னவன் பிளஸ் டூ. அதனால் வீட்டில் டிவி அணைந்தே கிடக்கிறது. நான் இந்த செமஸ்டர் காலேஜில் விஸ்காம் (காட்சித் தொடர்பியல்) பிள்ளைகளுக்குப் பழைய தொலைக்காட்சி நாடகங்களைப் பற்றிப் பாடம் எடுக்கிறேன். உனக்கு இவ்வளவு நீளமாக எழுத உட்கார்ந்ததற்கு அதுவும் ஒரு காரணம்.

உன் கடிதத்தில் சந்தோஷத்தைவிடப் பயம்தான் அதிகம் தெரிகிறது. நேற்றுவரை பக்கத்தில் நின்று நடித்தவர்கள் இனி நான் சொன்னால் கேட்பார்களா, இதில் இறங்கினால் நடிப்பு கைவிட்டுப் போகுமா, சீரியல் டைரக்டர் என்றால் யார் மதிக்கப் போகிறார்கள் என்றெல்லாம் கேட்டிருக்கிறாய். இதே கேள்விகளோடு எழுபது வருஷத்துக்கு முன்னால் ஹாலிவுட்டில் ஒருத்தி இருந்திருக்கிறாள். பாடத்துக்காக அவளைத்தான் கொஞ்ச நாளாகத் தேடித் தேடிப் பார்த்துக்கொண்டிருக்கிறேன். ஐடா லுபினோ. நாம் படித்த காலத்தில் இந்தப் பெயரை நமக்கு யாரும் சொல்லவில்லை.

1918இல் லண்டனில், தலைமுறை தலைமுறையாக மேடையிலேயே வாழ்ந்த குடும்பத்தில் பிறந்தவள். அப்பா ஸ்டான்லி லுபினோ பேர்பெற்ற நகைச்சுவை நடிகர். பதினைந்து வயதில் ஹாலிவுட்டுக்கு வந்துவிட்டாள். அடுத்த வருஷமே இளம்பிள்ளை வாதம் வந்து, அதிலிருந்து மீண்டு எழுந்து நடித்தாள். 1941இல் வந்த 'ஹை சியரா'வில் ஹம்ப்ரி போகார்ட்டுக்கு முன்னால் இவள் பெயர் வருகிறது என்றால் அப்போது இவளுடைய இடம் என்ன என்று பார்த்துக்கொள். ஆனால் வார்னர் பிரதர்ஸ் கொடுத்த வேஷங்களில் பிடிக்காததை நடிக்க மாட்டேன் என்று சொல்லிவிடுவாள். அந்தக் கால ஸ்டுடியோ ஒப்பந்தப்படி அப்படிச் சொன்னால் சஸ்பென்ஷன்தான், சம்பளமும் கிடையாது. அந்தச் சும்மா இருந்த நாட்களில் செட்டுகளுக்குப் போய், கேமராவை எங்கே வைக்கிறார்கள், எடிட்டிங் அறையில் எதை வெட்டுகிறார்கள் என்று பார்த்துக்கொண்டே இருந்திருக்கிறாள். அவளுக்கு அதுதான் பள்ளிக்கூடம். உனக்கும் அப்படித்தானே? ஷாட்டுக்கும் ஷாட்டுக்கும் நடுவில் மற்றவர்கள் கேரவனுக்குப் போனபோது நீ மானிட்டருக்குப் பின்னால் போய் நின்றுகொண்டிருந்தாய் என்று உன் பழைய கடிதங்களிலேயே இருக்கிறது.

அவள் இயக்குநர் ஆனது திட்டம் போட்டு நடந்ததில்லை. 1949இல் அப்போதைய கணவர் காலியர் யங்கோடு சேர்ந்து தயாரித்த சின்னப் படம் 'நாட் வாண்டட்', கல்யாணமாகாமல் தாயாகும் ஒரு பெண்ணின் கதை. படப்பிடிப்பு தொடங்கிய சில நாளிலேயே இயக்குநர் எல்மர் கிளிஃப்டனுக்கு மாரடைப்பு. வேறு ஆள் வைக்கப் பணம் இல்லை. இவளே முழுப் படத்தையும் எடுத்து முடித்தாள், இயக்குநர் என்று பெயர் போட்டுக்கொள்ளவில்லை. பிறகு சொந்தப் பெயரில் படங்கள் வந்தன. பாலியல் வன்முறைக்கு ஆளான பெண்ணைப் பற்றி 1950இலேயே 'அவுட்ரேஜ்' எடுத்திருக்கிறாள். 1953இல் 'தி ஹிட்ச்-ஹைக்கர்'. காரில் லிஃப்ட் கேட்டு ஏறிய கொலைகாரன் இரண்டு நண்பர்களைத் துப்பாக்கி முனையில் ஓட்டிக்கொண்டு போகிறான். அவனுக்கு ஒரு கண் இமை மூடாது. ராத்திரியில் அவன் தூங்குகிறானா, விழித்துக்கொண்டு தங்களையே பார்க்கிறானா என்று அந்த இரண்டு பேருக்கும் தெரியாது. ஓடலாமா, வேண்டாமா? அந்தத் திறந்த கண்ணையும், போர்வைக்குள் கிடக்கும் இரண்டு பேரையும் மட்டும் வைத்துக்கொண்டு அவள் நம்மைப் பிடித்து உட்கார வைக்கிறாள். என் வகுப்பில் போனைப் பார்த்துக்கொண்டிருந்த பையன்கள்கூட அந்த இடத்தில் தலைநிமிர்ந்தார்கள்.

அமெரிக்க இயக்குநர் சங்கத்தில் டோரதி ஆர்ஸ்னருக்கு அடுத்து உறுப்பினரான இரண்டாவது பெண் இவள்தான். சங்கக் கூட்டங்களை "கனவான்களே, மிஸ் லுபினோ அவர்களே" என்றுதான் ஆரம்பிப்பார்களாம். அந்த ஒரு வரியே போதும், அந்த அறை எப்படி இருந்திருக்கும் என்று தெரிந்துகொள்ள.

படத்தைத் தாங்களே வினியோகம் செய்யலாம் என்று இறங்கியதில் அவளும் காலியர் யங்கும் நடத்திய படக் கம்பெனி 1955இல் மூடப்பட்டது. அதன்பின் அவள் பெரும்பாலும் தொலைக்காட்சிக்கு வந்துவிட்டாள். 'ஃபோர் ஸ்டார் பிளேஹவுஸ்' என்ற தொடரில் ஏற்கெனவே நடித்துக்கொண்டிருந்தாள். 1956 முதல் டிவி நாடகங்களை இயக்கவும் தொடங்கினாள். 'ஹேவ் கன் வில் ட்ராவல்', போரிஸ் கார்லாஃப் தொகுத்து வழங்கிய 'த்ரில்லர்', 'ஆல்ஃப்ரெட் ஹிட்ச்காக் பிரசெண்ட்ஸ்', 'தி அன்டச்சபிள்ஸ்', 'தி ஃபியுஜிட்டிவ்' என்று வரிசையாக. கௌபாய் கதை, கொலை, துரத்தல், துப்பாக்கிச் சண்டை. பெண் இயக்குநர் என்றால் காதல் கதையும் அழுகையும்தான் கொடுப்பார்கள் என்று நினைப்போம் இல்லையா? 'ஹிட்ச்-ஹைக்கர்' எடுத்தவள் என்பதால் அவளிடம் துப்பாக்கியைக் கொடுத்தார்கள்.

சினிமா வரலாற்றுக் கட்டுரைகள் பலவற்றில் அவளுடைய நாலைந்து படங்களைப் பற்றிப் பக்கம் பக்கமாக இருக்கிறது. டிவி வேலை ஒரு பத்தியில் முடிந்துவிடுகிறது, ஏதோ வயிற்றுப்பாட்டுக்குச் செய்தது போல. இதை என்னால் ஒத்துக்கொள்ளவே முடியவில்லை. அந்தக் காலத்தில் ஓர் அரைமணி நாடகத்தைச் சுமார் மூன்று நாளில் எடுத்து முடிக்க வேண்டும். அந்த அவசரத்துக்கு நடுவே ஓர் ஆள் எதை விட்டுக்கொடுக்காமல் வைத்துக்கொள்கிறார் என்பதில்தான் எனக்கு இயக்குநர் தெரிகிறார்.

'தி மாஸ்க்ஸ்' என்று ஒரு எபிசோட். 1964 மார்ச்சில், ஒவ்வொரு எபிசோடும் ஒரு தனி விநோதக் கதையாக வரும் 'ட்வைலைட் ஸோன்' தொடரில் வந்தது. எழுதியவர் ராட் செர்லிங். நியூ ஆர்லியன்ஸில் மார்டி கிரா திருவிழா ராத்திரி. சாகக் கிடக்கும் பணக்காரக் கிழவர், சொத்துக்காக வந்து உட்கார்ந்திருக்கும் மகள், மருமகன், பேத்தி, பேரன் நாலு பேருக்கும் ஆளுக்கொரு கோரமான முகமூடியைக் கொடுக்கிறார். நள்ளிரவு வரை கழற்றாமல் இருந்தால் சொத்து, கழற்றினால் ஒன்றும் கிடையாது. அவரும் ஒரு மண்டையோட்டு முகமூடியை மாட்டிக்கொள்கிறார்.

நடிகையாக இதை யோசித்துப் பார். ஒரே அறை. ஐந்து நடிகர்கள், ஐந்து பேருக்கும் முகம் இல்லை. புருவம் இல்லை, உதடு இல்லை, நாம் காலம் முழுக்க நம்பியிருக்கும் ஒன்றுமே இல்லை. குரலும் தோளும் கையும் மட்டும்தான். ஆனாலும் யார் சலித்துப்போயிருக்கிறார், யார் பணத்தைக் கணக்குப் போடுகிறார், யாருக்கு உள்ளுக்குள் பயம் என்று தனித்தனியாகத் தெரிகிறது. முகமூடி மாட்டுவதற்கு முன்பே ஒவ்வொருவருக்கும் ஓர் உடல்பழக்கத்தைப் பதியவைத்துவிடுகிறாள். பேத்தி கண்ணாடியைக் கண்டால் விட மாட்டாள், மகள் தன் உடம்புக்கு வந்த வியாதியைத் தவிர வேறு பேச மாட்டாள். பிறகு முகம் மறைந்தாலும் அந்தப் பழக்கத்தை வைத்தே ஆளைக் கண்டுபிடித்துவிடுகிறோம். முகமூடி கழன்றதும் என்ன ஆகிறது என்பதைச் சொல்ல மாட்டேன், நீயே பார். அந்தத் தொடரின் முதல் ஓட்டத்தில் ஒரு பெண் இயக்கிய ஒரே எபிசோட் இதுதான்.

நடிப்பு போய்விடுமா என்று கேட்டாயே, அதற்கும் இதே தொடரில் பதில் இருக்கிறது. 1959இல் இதே 'ட்வைலைட் ஸோன்'-இல் அவள் நடித்திருக்கிறாள். இருட்டு அறையில் உட்கார்ந்து தன் பழைய படங்களையே திரும்பத் திரும்பப் போட்டுப் பார்க்கும், வயதாகிப்போன நட்சத்திரத்தின் வேஷம். வயதைப் பற்றிய அந்தப் பயம் அவளுக்கு அந்நியமாக இருந்திருக்காது. ஆனால் அந்தக் கதாபாத்திரம் போல அவள் அறைக்குள் அடைந்து கிடக்கவில்லை. வெளியே வந்து அடுத்த செட்டுக்குப் போனாள். 1957-58இல் அப்போதைய கணவர் ஹோவர்ட் டஃப்போடு சேர்ந்து ஒரு காமெடித் தொடரில் நடித்தாள். எழுபதுகளில் 'கொலம்போ'விலும் வந்து போனாள். நடிப்பும் இயக்கமும் அவளிடம் ஒன்றையொன்று தின்னவில்லை.

இனி, சொன்னால் கேட்பார்களா என்ற கேள்விக்கு வருகிறேன். இதில்தான் எனக்கு அவளிடம் ஒரு மனத்தாங்கல். செட்டில் அவளை 'மதர்' என்றுதான் கூப்பிடுவார்கள். அவளுடைய நாற்காலியின் முதுகில் 'நம் எல்லோருக்கும் தாய்' என்று எழுதியிருந்தது. ஆண்களுக்குக் கட்டளை போடமாட்டாள். "அம்மாவுக்கு ஒரு சிக்கல் இருக்கிறது கண்ணுகளா, இப்படி ஒன்று செய்து பார்க்கலாமா" என்கிற மாதிரிதான் பேசுவாளாம். கேமராவைப் பற்றி அவ்வளவு தெரிந்தவள், தெரியாதவள் போலக் கெஞ்ச வேண்டியிருந்தது என்று நினைத்தால் எனக்கு வயிறு எரிகிறது. அவளைக் குறை சொல்லவில்லை, அன்றைக்கு அவளுக்கு இருந்த வழி அது. நீ அப்படிச் செய்யாதே. உன் யூனிட்டில் லைட்மேன் அண்ணன்களிலிருந்து அசிஸ்டெண்ட் பிள்ளைகள்வரை உன்னை 'அக்கா' என்கிறார்கள். சந்தோஷமாக அக்காவாக இரு. ஆனால் கேமராவை இங்கே வை என்று சொல்லவேண்டிய இடத்தில் நேராகச் சொல். குழைந்து கேட்டுப் பழகிவிட்டால் பிறகு நேராகச் சொல்லும்போது கோபப்படுகிறாய் என்பார்கள்.

அவளிடமிருந்து நீ எடுத்துக்கொள்ள வேண்டியது வேறு ஒன்று. சனி ஞாயிறுகளில், ஸ்டுடியோவில் ஆள் நடமாட்டம் இல்லாதபோது, தனியாகச் செட்டுக்குப் போவாள். எந்தக் காட்சிக்கு யார் எங்கே நிற்பது, கேமரா எங்கிருந்து எங்கே நகர்வது என்று நடந்து பார்த்துக் குறித்துக்கொள்வாள். திங்கட்கிழமை வரும்போது எல்லாம் முடிவாகியிருக்கும். கேமராவைப் பற்றிய குழப்பம் இல்லாததால் அவளால் நடிகர்கள் பக்கத்தில் போய் உட்கார முடிந்தது என்று நான் நினைக்கிறேன். செட்டில் எரிந்து விழும் இயக்குநர்களை நீ எனக்கு நிறைய வர்ணித்திருக்கிறாய். அவர்களில் பாதிப் பேருக்குக் கோபம் வருவது அடுத்த ஷாட் என்னவென்று தெரியாததால்தான்.

உங்கள் தினசரித் தொடரில் சனி ஞாயிறு என்ற பேச்சே கிடையாது, சீன் பேப்பரே காலையில்தான் வருகிறது என்று சொல்வாய். தெரியும். ஆனால் வீடு அதே வீடு தானே? அந்தக் கூடம், அந்த மாடிப்படி, அந்தச் சாப்பாட்டு மேஜை. மாடிப்படியில் இரண்டு பேர் பேசினால் எந்தப் பக்கம் இடம் போதாது, பூஜை அறை வாசலில் எத்தனை பேர் நெரிசல் இல்லாமல் நிற்கலாம் என்பது மாதிரி விஷயங்களைக் கதை தெரியாமலேயே யோசித்து வைக்கலாம். சீக்கிரம் பேக்கப் ஆகும் நாளில் ஒரு மணி நேரம் இருந்து நடந்து பார். வசனம் வந்ததும் பாதி வேலை முடிந்திருக்கும்.

அப்புறம், யாராவது ஒரு வரி சொன்னதும் சுற்றியிருக்கும் அத்தனை பேருக்கும் வரிசையாக ஆளுக்கொரு க்ளோசப் வைக்கச் சொல்வார்கள். நிமிஷக் கணக்கு நிரம்ப வேண்டும், சேனலும் கேட்கும், எனக்குப் புரிகிறது. எல்லாவற்றையும் மாற்றப் போராடாதே. ஒரு எபிசோடில் ஒரே ஒரு காட்சியை உனக்கென்று வைத்துக்கொள். அதில் இரண்டு பேரையும் ஒரே ஃபிரேமில் நிறுத்தி, இருவரும் ஒருவரையொருவர் கேட்டுக்கொண்டு பேசட்டும். எதிரில் ஆளே இல்லாமல் சுவரைப் பார்த்து அழ வைக்கிறார்கள் என்று நீ எத்தனை தடவை எனக்குப் புலம்பியிருக்கிறாய்! ஒருவர் தோளுக்கு மேலாக இன்னொருவர் முகத்தைக் காட்டும் சஜஷன் ஷாட் எடுக்கும்போது முதுகு காட்டி நிற்கும் ஆளையும் உண்மையாகப் பேசச் சொல். நடிகை இயக்குநராக வந்திருக்கிறாள் என்பது அங்கேதான் தெரியும்.

இன்னொன்று. நடித்துக் காட்டாதே. உனக்கு அது சுலபமாக வரும், அதனால்தான் சொல்கிறேன். புதிதாக வந்திருக்கும் மருமகள் பெண் உன்னைப் பார்த்து உன்னை மாதிரியே செய்துவிடுவாள், திரையில் இரண்டு நீ இருப்பீர்கள். அந்தக் காட்சியில் அவளுக்கு என்ன வேண்டும் என்று மட்டும் சொல்லிவிட்டு விலகி நில்.

மதிப்பைப் பற்றி அதிகம் சொல்ல எனக்கு இல்லை. லுபினோவுக்கு ஹாலிவுட் நடைபாதையில் இரண்டு நட்சத்திரங்கள் பதித்திருக்கிறார்கள், ஒன்று சினிமாவுக்கு, ஒன்று தொலைக்காட்சிக்கு. 1995இல் அவள் இறந்தாள். இயக்குநராக அவளைப் பற்றிய பேச்சு பெருகியது வெகுகாலம் கழித்துத்தான். அந்த மரியாதைக்காகக் காத்திருந்திருந்தால் அவள் ஒன்றையும் எடுத்திருக்க மாட்டாள்.

சம்பளத்தைப் பற்றி நீ எழுதவே இல்லை. நடிப்புக்கான கால்ஷீட் தனி, இயக்கத்துக்குத் தனி என்று முதலிலேயே பேசிவிடு. டைட்டிலில் பெயர் எப்படி வரும் என்பதையும் எழுத்தில் வாங்கிக்கொள். நம் தோழிகள் பலர் கூச்சப்பட்டே இதில் ஏமாந்திருக்கிறார்கள்.

செமஸ்டர் லீவில் சென்னை வருகிறேன். செட்டில் ஒரு மூலையில் உட்கார்ந்து பார்க்க உன் அனுமதி வேண்டும், உன் வேலையில் தலையிட மாட்டேன். 'தி மாஸ்க்ஸ்' பார்த்துவிட்டு எழுது. முதல் நாளுக்கு எந்தக் காட்சி கொடுத்திருக்கிறார்கள், யார் யார் இருக்கிறார்கள் என்றும் எழுது. அம்மா உன்னை ரொம்ப விசாரித்தார்.

அன்புடன்,
உன் தோழி