காசு இல்லாம இல்ல சார், வேணாம்னுதான்

ஆசிரியர் சாருக்கு வணக்கம்,

போன இதழ்ல கொரியன் சினிமா கட்டுரை படிச்சேன். நல்லாத்தான் இருந்துச்சு, ஆனா டைரக்டர் ஹாங் சாங் சூ பத்தி ரெண்டே வரி, அதுலயும் 'பெரிய பட்ஜெட் கிடைக்காததால் சின்னப் படங்கள் எடுத்தார்'னு போட்டிருந்தீங்க பாருங்க, அங்கதான் எனக்கு இடிச்சுது.

1996ல முதல் படம் எடுத்தவர், கேன்ஸ், பெர்லின், லொகார்னோன்னு அவர் படம் போகாத பெரிய சினிமா விழா இல்ல. பேர் வாங்க வாங்க யூனிட்ட பெருசாக்காம சுருக்கிட்டே வர்றார், இப்பல்லாம் கதை, கேமரா, எடிட்டிங், மியூசிக் எல்லாமே அவரேதான், அன்னைக்கு எடுக்கற சீனுக்கு டயலாக் அன்னைக்குக் காலையிலதான் எழுதறார். 2016ல கேன்ஸ் விழா நடக்கறப்பவே, வேற வேற படத்துக்காக வந்திருந்த பிரெஞ்சு நடிகை இசபெல் ஹூப்பரையும் கொரியன் நடிகை கிம் மின் ஹீயையும் வச்சு அந்த ஊர்லயே ஒரு 69 நிமிஷப் படம் எடுத்துட்டார். காசு கிடைக்காதவர் வேலையா இது? யார் வாசல்லயும் போய் நிக்க வேணாம்னு நினைக்கறவர் வேலை சார்.

2015ல வந்த அவரோட 'ரைட் நவ், ராங் தென்' படத்த பாருங்க. ஒரு டைரக்டர் சுவோன்ங்கற ஊருக்கு ஒரு நாள் முன்னாடியே வந்துடறான், படம் வரையற பொண்ணு ஒருத்தியப் பாக்கறான், ரெண்டு பேரும் சோஜுங்கற கொரியன் சாராயம் குடிக்கறாங்க, அவ்ளோதான் கதை. ஒரு மணி நேரம் போனதும் அதே நாள் மறுபடி முதல்லேந்து ஓடும். முதல் வாட்டி அவ ஓவியத்த ஆஹா ஓஹோங்கறான், ரெண்டாவது வாட்டி மனசுல பட்டத சொல்லிடறான், அவளுக்கு சுர்ருன்னு ஏறுது. இதுக்கு எதுக்கு சார் கிரேனும் செட்டும்? ரெண்டு பேர், ஒரு டேபிள், காலி பாட்டில். இந்தப் படத்துக்குத்தான் லொகார்னோ விழாவோட பெரிய பரிசான தங்கச் சிறுத்தை குடுத்தாங்க.

எல்லாப் படமும் தேறும்னு சொல்ல வரல. குடிகார டைரக்டர், அவன் மயங்கற பொண்ணுன்னு திரும்பத் திரும்ப வரும், 'இத நேத்தே பாத்தோமே'ன்னு எங்க வீட்ல எந்திரிச்சுப் போயிட்டாங்க. 2023ல வந்த 'இன் வாட்டர்' முக்காவாசி அவுட் ஆஃப் ஃபோகஸ், வேணும்னேதான். நான் கண்ணாடிய ரெண்டு வாட்டி தொடச்சேன், அப்புறம் லேப்டாப்பயும்.

2020லேந்து 2024க்குள்ள பெர்லின் விழால மட்டும் 4 வெள்ளிக் கரடி பரிசு வாங்கியிருக்கார். அதனால 'கிடைக்காததால்'ங்கறத எடுத்துட்டு 'வேண்டாம் என்பதால்'னு ஒரு திருத்தம் போட்டுடுங்க, பொடி எழுத்துலயாவது.

இப்படிக்கு,
ஒரு பழைய வாசகன், திருச்சி