தியாகிகள் வீட்டுக் காகிதங்களைக் காக்க நன்கொடை வேண்டுகிறோம்

அன்புடையீர், வணக்கம்.

“விடுதலைப் போராட்ட வீரர் சுப்பிரமணிய சிவாவுக்கு அரசே மணிமண்டபம் கட்டிவிட்டது, பாரத மாதா நினைவாலயமும் எழுந்துவிட்டது. இன்னும் எதற்கு வசூல்?” என்று பாப்பாரப்பட்டிக் கடைத்தெருவிலேயே எங்களைக் கேட்கிறார்கள். நியாயமான கேள்விதான். நாங்கள் திரட்டுவது கட்டடத்துக்கு அல்ல, காகிதத்துக்கு.

சுப்பிரமணிய சிவா வத்தலக்குண்டில் பிறந்தவர். 1908இல் இராஜத்துரோக வழக்கில் அவருக்கு விதிக்கப்பட்ட 10 ஆண்டுத் தண்டனை மேல்முறையீட்டில் 6 ஆண்டாகக் குறைந்தது. அவருக்குச் சோறும் தங்க இடமும் கொடுத்து உடந்தையாக இருந்தார் என்று வ.உ.சி.க்குத் தனியே 20 ஆண்டு! 1912இல் சிவா விடுதலையானபோது தொழுநோயும் அவரோடு வெளியே வந்தது. ரயிலில் ஏறக்கூடாது என்று தடுத்தார்கள். புண்ணான கால்களோடு ஊர் ஊராக நடந்து, பாரத மாதா ஆலயத்துக்காகக் கையேந்தினார். 1923இல் வங்கத் தலைவர் சித்தரஞ்சன் தாஸ் இங்கே அடிக்கல் நாட்டினார். ஆலயம் எழும்பும் முன்பே, 23.7.1925 அன்று, 40 வயதில் சிவா இதே ஊரில் மறைந்தார்.

அவர் பெயரைக் கேட்டு வளர்ந்து, பின்னாளில் சிறைக்குப் போனவர்களின் பிள்ளைகளும் பேரப்பிள்ளைகளும்தான் எங்கள் குழு. அப்பாவின் பெயர் ஊருக்கே தெரியும். அவர் எழுதியது வீட்டில் இருப்பவர்களுக்கே தெரியாது. தகரப் பெட்டி பூஜை அறையில் இருக்கிறது. ஆகஸ்ட் 15 அன்று திறந்து, பொட்டு வைத்து, மூடிவிடுகிறோம். ஒரு வீட்டில் விடுதலைச் சான்றின் மீது சந்தனம் ஊறி, சிறையின் பெயரே அழிந்துவிட்டது. இன்னொரு வீட்டில் பாசத்தோடு லேமினேஷன் செய்திருக்கிறார்கள். இனி அதைப் பிரித்தால் மையும் சேர்ந்து வந்துவிடும். 1972இல் தியாகிகளுக்கு மத்திய அரசு கொடுத்த தாமிரப் பட்டயம் பிழைத்துக்கொள்ளும், புளி போட்டுத் தேய்த்தால் போதும். காகிதத்துக்கு அப்படி ஒரு வைத்தியம் கிடையாது.

எங்கள் கண்ணுக்கு மிகவும் விலையுயர்ந்தவை தியாகி பென்ஷனுக்காக வாங்கிய சக சிறைவாசிச் சான்றுகள். யார் யாரோடு, எந்தச் சிறையில் இருந்தார் என்று உடன் இருந்தவரே எழுதிக் கையெழுத்திட்டவை. பென்ஷன் வந்ததும் அவற்றின் நகல்களைப் பலர் பழைய பேப்பரோடு போட்டுவிட்டார்கள். மிஞ்சியவற்றையாவது பிடிக்க வேண்டும்.

செலவு இதுதான்: புத்தகத்தைப் பிரிக்காமல் மேலிருந்து படமெடுக்கும் ஸ்கேனர், அமிலமில்லாத அட்டைப் பெட்டிகள், கிழிசல் ஒட்ட மெல்லிய ஜப்பான் தாள், பயிற்சி பெற்ற ஒருவருக்கு ஆறு மாதச் சம்பளம். மொத்தம் 2,80,000 ரூபாய். சம்பளம்தான் பெரும்பங்கு, அதில் கை வைக்க மாட்டோம். இலவசமாகச் செய்யச் சொன்னால் வேலை எப்படி நடக்கும் என்பது நமக்குத் தெரியாததல்ல.

மூலம் அந்தந்தக் குடும்பத்திடமே இருக்கும். படியெடுத்தவை மட்டும் பொது நூலகத்துக்குப் போகும். வீட்டுக்காரர் சிறையில் இருந்தபோது குடும்பத்தை நடத்திய அம்மாக்களைப் பற்றி மூத்தவர்கள் சொல்வதையும் ஒலிப்பதிவு செய்கிறோம். அந்த அம்மாக்களுக்குப் பட்டயமும் இல்லை, பெட்டியும் இல்லை.

நூறு ரூபாய்க்கும் ரசீது உண்டு. வரவு செலவு மாதந்தோறும் நூலக அறிவிப்புப் பலகையில் ஒட்டப்படும். தருமபுரி, பென்னாகரம், கிருஷ்ணகிரிப் பக்கம் உங்கள் வீட்டிலும் பெட்டி இருந்தால் சொல்லியனுப்புங்கள், நாங்களே வருகிறோம். அதுவரை தயவுசெய்து செல்லோடேப் மட்டும் ஒட்டாதீர்கள்.

இப்படிக்கு,
குழுவினர்
பாப்பாரப்பட்டி, தருமபுரி மாவட்டம்