அம்மிணிக்கு, கிணற்று மேட்டிலிருந்து

அன்புள்ள அம்மிணி,

இதை வாட்ஸ்அப்பில் எழுதியிருக்கலாம். எழுதினால் இரண்டு நீல டிக் விழும், பின்னாலேயே ஒரு கைகூப்பும் பொம்மை வரும், அதோடு சரி. ஒரு வருஷமாக நாம் அப்படித்தான் பேசிக்கொண்டிருக்கிறோம். அதனால் இங்கே எழுதுகிறேன். இந்தப் பக்கத்துக்கு வருகிறவர்கள் போர் போடுவதற்குப் பாயின்ட் பார்ப்பதைப் பற்றிப் படிக்க வருகிறவர்கள். பழைய ஆபீஸ்காரர்கள் ஐந்தாறு பேர், அப்புறம் உன் சித்தப்பா. அவர் படிப்பார், கமென்ட் போடமாட்டார், சாயங்காலத்துக்குள் ஊருக்குச் சொல்லிவிடுவார். சொல்லட்டும். ஒரு விதத்தில் அதற்காகவும்தான் எழுதுகிறேன்.

போன ஞாயிற்றுக்கிழமை கோயில் பொங்கலில் நானே எல்லோரிடமும் சொல்லிவிட்டேன். "பாப்பா எப்பங்க ஊருக்கு வருது, மாப்பிள்ளையும் வர்றாரா?" என்று ஒருவர் கேட்டார். "அது முடிஞ்சுபோச்சுங்க, தீர்ப்பும் வந்தாச்சு" என்றேன். பொங்கல் பானையைச் சுற்றி இருந்தவர்கள் கரண்டியை அப்படியே பிடித்துக்கொண்டு நின்றார்கள். உன் அம்மா என்னைப் பார்க்கவே இல்லை. வீட்டுக்கு வந்து மோர் கொடுத்தாள். மோர் கொடுத்தால் என்ன அர்த்தம் என்று உனக்குத் தெரியும்.

நாம் ரெண்டு பேரும் மெக்சிகோவில் கான்கூன் போய் வந்து ஒரு வருஷம் ஆகிறது. நீ அனுப்பிய போட்டோக்களை மறுபடி எடுத்துப் பார்த்தேன். எல்லாவற்றிலும் நான் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு நிற்கிறேன். மாயா ஜனங்களின் பழைய நகரமான சிச்சென் இட்சாவில் கோபுரத்தின் முன்னால் எடுத்ததில்கூட, பக்கத்தில் இருக்கிற கல் பாம்புத் தலைக்கு என்னைவிடச் சிரித்த முகம்.

பஸ்ஸில் நான் கைடிடம் வாயைக் கொடுத்தது தப்புதான். அந்த மனுஷன் பாவம், விடியற்காலையிலிருந்து ஒவ்வொரு ஓட்டலாக ஆள் ஏற்றிக்கொண்டு வந்தவர். "66 மில்லியன் வருஷத்துக்கு முன்னால் விண்கல் விழுந்தது, அது குத்தின ஓட்டைகள்தான் இந்தச் செனோட்டேக்கள்" என்று அவர் சுருக்கமாகச் சொல்லிக்கொண்டு போனார். நான் எழுந்து நின்று, விண்கல் ஓட்டை போடவில்லை, சுண்ணாம்புப் பாறையை மழைத்தண்ணீர் கரைத்துக் கரைத்துக் குகையாக்குகிறது, கூரை தாங்காமல் விழுந்தால் அது செனோட்டே என்றேன். அதோடு விட்டேனா? அந்த விண்கல் விழுந்த சிக்‌ஷுலூப் பள்ளத்தின் விளிம்பை ஒட்டி ஒரு வளையமாகச் செனோட்டேக்கள் இருப்பது உண்மை, ஆனால் நாம் போகிற இடம் அந்த வளையத்துக்கு வெளியே என்று வேறு சொன்னேன். நாற்பது பேர் பஸ்ஸில் ஒருத்தர்கூடத் திரும்பிப் பார்க்கவில்லை. நீ ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாய். ஆனால் சொன்னது சரி. அதை இன்றைக்கும் சொல்லுவேன்.

எனக்கு அந்த மண்ணைப் பார்க்கவே ஆசையாக இருந்தது, அதை நீ நம்பவில்லை. அந்த யுகதான் தீபகற்பத்தின் வடக்கே தரைமேல் ஒரு ஆறு கிடையாது, ஓடை கிடையாது. பெய்கிற மழை எல்லாம் பாறை வழியே இறங்கிவிடும். அப்படிப்பட்ட காட்டில் ஊர் கட்டவேண்டுமென்றால் தண்ணீர் எங்கே வாய் திறந்திருக்கிறதோ அங்கேதான் கட்டமுடியும். சிச்சென் இட்சா என்றாலே 'இட்சாக்களின் கிணற்று வாய்' என்று அர்த்தம் என்று அந்தக் கைடு சொன்னபோது எனக்கு மயிர்க்கூச்செறிந்தது. 31 வருஷம் கிணற்றுக்காரனாகவே வேலை பார்த்தவனுக்கு, கிணற்றின் பேரில் ஒரு நகரம். உன்னிடம் சொல்லலாம் என்று திரும்பினேன். நீ தொப்பியை முகத்தில் கவிழ்த்துக்கொண்டு தூங்கிக்கொண்டிருந்தாய், இல்லை, தூங்குகிற மாதிரி இருந்தாய்.

ஒரு இடத்தில் மட்டும் நாம் சேர்ந்து சிரித்தோம், ஞாபகமிருக்கிறதா? மாயா ஜனங்களுக்குப் புனிதமான மரம் என்று கைடு ஒரு மரத்தைக் காட்டினார். வேர் பாதாளத்தில், கிளை வானத்தில், நடுவில் நாம் என்றார். பார்த்தால் நம்ம இலவமரம். "அப்பா, இது நம்ம தலகாணிப் பஞ்சு!" என்றாய். "இலவு காத்த கிளி இங்கயும் இருக்குமுங்களா?" என்று நீயே கேட்டுவிட்டுச் சிரித்தாய். சிரிப்பு நடுவிலேயே நின்றுபோனது.

அப்புறம் அந்தப் புனிதக் கிணறு. வெள்ளைக் கல் பாதையில் நடந்து போய் விளிம்பில் நின்றோம். 60 மீட்டர் அகலம், செங்குத்தான சுவர், கீழே பாசி பிடித்த பச்சைத் தண்ணீர். ஒரு அமெரிக்கர், கன்னிப்பெண்களைத் தள்ளியது இதில்தானா என்று கேட்டார். கைடுக்கு அந்தக் கேள்வி அலுத்துப்போயிருக்கவேண்டும். எட்வர்ட் தாம்சன் என்ற அமெரிக்கர் 1904-ல் இதைத் தூர்வார ஆரம்பித்தார், தங்கமும் பச்சைக்கல்லும் எலும்பும் கிடைத்தன, எலும்புகளில் ஆண், பெண், குழந்தை எல்லாம் உண்டு, கன்னிப்பெண் கதை பிற்பாடு வந்தது என்றார். இன்னொன்றும் சொன்னார். இந்தக் கிணற்றுக்குப் பக்கத்தில் மழைநீர் சேமிக்கிற ஒரு பாறைத்தொட்டியில் கிடைத்த 64 குழந்தைகளின் எலும்பில் டிஎன்ஏ பார்த்து 2024-ல் முடிவு வெளியிட்டார்கள், அத்தனையும் ஆண்பிள்ளைகள், இரண்டு ஜோடி இரட்டையர் உட்பட என்று.

எல்லோரும் பேச்சில்லாமல் நின்றபோது நீ இங்கிலீஷில், சிரித்துக்கொண்டே சொன்னாய்: "எங்கள் ஊரில் பெண்களைத்தான் தள்ளுவார்கள். இப்போதும்."

அவர்களும் சிரித்தார்கள். நீ என்னைப் பார்க்கவில்லை.

அம்மிணி, நான் தள்ளினேனா? போட்டோ பார்த்துச் சரி என்று சொன்னது நீ. நிச்சயத்துக்கும் கல்யாணத்துக்கும் நடுவில் மாடிப்படியில் உட்கார்ந்து ராத்திரி பன்னிரண்டு மணி வரைக்கும் போனில் சிரித்துப் பேசியது யார்? அப்போது பாழுங்கிணறு என்று உனக்கும் தெரியவில்லையே, எனக்கு மட்டும் எப்படித் தெரியும்? இந்த நாலு வரியை அழித்துவிடலாம் என்று பார்த்தேன். இருக்கட்டும். நான் இப்படியும் நினைக்கிறவன் என்று நீ தெரிந்துகொள்.

அந்த வீட்டாரைப் பற்றி இங்கே ஒரு வார்த்தை எழுதமாட்டேன். இரண்டு பக்கமும் சொந்தம் இருக்கிறது, கோயில் ஒன்று. எழுதவேண்டியது என்னைப் பற்றித்தான். முகம் தெரியாதவன் தோட்டத்தில் ஒரு போர் போடுவதற்கு மூன்று இடத்தில் மீட்டர் வைத்துப் பார்க்கிறவன் நான். உன் விஷயத்தில் ஒரு ஜாதகமும் ஒரு ஆபீஸ் விசாரிப்பும் போதும் என்று இருந்துவிட்டேன். அப்புறம் அந்த ராத்திரி நீ போன் பண்ணினபோது, "கொஞ்சம் பொறுத்துப் போ கண்ணு" என்றேன். அந்த போனில் நீ சொன்னதையும் இங்கே எழுதமாட்டேன். ஆனால் நான் சொன்னது அவ்வளவுதான், ஆறு நிமிஷப் பேச்சில். பொறுத்துப் போ. நீ நாலு வருஷம் பொறுத்தாய், என் பேச்சைக் கேட்டு.

இக் கில்லுக்கு, நீ குளித்த அந்தச் செனோட்டேவுக்கு வருகிறேன். உனக்கு அதில்தான் என்மேல் கோபம் என்று எனக்குத் தெரியும்.

கல்படியில் 26 மீட்டர் இறங்கினோம். முழங்கால் இற்றுப்போனது, சொல்லவில்லை. கீழே வந்து அண்ணாந்து பார்த்தால் வட்டமாக வானம், விளிம்பிலிருந்து விழுது விழுதாகக் கொடி, நூல் மாதிரி தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்தது. நம்ம மொட்டைக் கிணற்றை நாலு மடங்கு பெரிதாக்கி, கருங்கல்லுக்குப் பதில் சுண்ணாம்புக் கல் வைத்த மாதிரி. வாசனைகூட அதே தான், பாசியும் புறாவும் கலந்த வாசனை. உடம்பில் தடவின கிரீமெல்லாம் போகக் குளித்துவிட்டுத்தான் இறங்கவேண்டும் என்று மேலேயே சொல்லியிருந்தார்கள். அந்தப் பாறையில் எதைக் கொட்டினாலும் வடிகட்டாமல் நேராகத் தண்ணீரில் போய்ச் சேரும். நல்ல விதி.

நீ துண்டை என் கையில் கொடுத்துவிட்டு, ஆரஞ்சு ஜாக்கெட்டை மாட்டிக்கொண்டு குதித்தாய். குதித்தாய்! நான் பதறிப்போனேன். உனக்கு நீச்சல் தெரியும் என்று யாரும் எனக்குச் சொல்லவில்லை. 40 மீட்டருக்கும் மேல் ஆழம், அடியில் கறுப்பாக மீன் ஓடுகிறது. நீ நடுவில் போய் மல்லாக்கப் படுத்து, வானத்தைப் பார்த்துக்கொண்டு மிதந்தாய். கையைக்கூட அசைக்கவில்லை.

"அப்பா, வாங்க!" அந்தக் கிணறு முழுக்க உன் குரல். எனக்கும் ஒரு ஜாக்கெட் கொடுத்திருந்தார்கள். ஒரு கையில் ஜாக்கெட், ஒரு கையில் உன் துண்டு. நான் வரவில்லை என்று தலையாட்டினேன். மூன்று தடவை கூப்பிட்டாய். மூன்றாவது தடவை 'அப்பா' இல்லை, வெறும் 'வாங்க' மட்டும்தான்.

உன் அண்ணனுக்கு எட்டு வயசில் இடுப்பில் கயிறும், மிதக்கக் காய்ந்த சுரைப்புருடையும் கட்டிக் கிணற்றில் இறக்கினேன். நீ அவனைவிட இரண்டு வயசு சின்னவள். மேட்டில் உட்கார்ந்து துண்டைப் பிடித்துக்கொண்டு, அவன் எத்தனை நேரம் முங்கியிருக்கிறான் என்று எண்ணுவாய். "அடுத்த வருஷம் எனக்குங்ப்பா" என்பாய். அடுத்த வருஷம், அடுத்த வருஷம் என்று நானும் சொல்லி, பிறகு நீ பெரியவளாகிவிட்டாய், பேச்சு நின்றது. நம்ம பக்கத்தில் பெண்பிள்ளைகளுக்குக் கிணற்றால் இரண்டே உபயோகம். ஒன்று தண்ணீர் சேந்துவது. இன்னொன்றை எழுத எனக்குக் கை வரவில்லை. அந்த நாலு வருஷத்தில் ராத்திரி போன் அடித்தாலே அந்த இரண்டாவதுதான் நினைவுக்கு வரும். நீச்சலாவது பழக்கியிருக்கலாமே என்று ஒருநாள் பைத்தியக்காரத்தனமாக நினைத்தேன். நீ இருந்த டல்லாஸில் கிணறு ஏது?

ஈரத்தோடு படியேறி வந்து துண்டை வாங்கினாய். "ஏனுங்ப்பா எனக்கு மட்டும் பழக்கி விடல?" என்று கேட்டாய். "அப்ப காலம் அப்படி" என்றேன். பஸ்ஸில் அப்புறம் நீ பேசவில்லை. கான்கூன் இருக்கிற கின்தானா ரோ மாநில எல்லைக்குள் வந்ததும் கடிகாரத்தை ஒரு மணி நேரம் முன்னால் தள்ளி வைக்கச் சொன்னார் கைடு. காலையில் சும்மா கிடைத்த ஒரு மணி நேரத்தைச் சாயங்காலம் திருப்பி வாங்கிக்கொண்டார்கள். நான் உன்னுடையதையும் சேர்த்து மாற்றி வைத்தேன், நீ கவனித்திருக்கமாட்டாய்.

காலம் ஒன்றும் அப்படி இல்லை. மேட்டுத் தோட்டத்துக்காரர்களின் பெண்பிள்ளைகள் இரண்டும் நம்ம கிணற்றில்தான் பழகினார்கள், அதுவும் நான் பார்த்துக்கொண்டிருக்கும்போதே. நான்தான் பழக்கவில்லை.

ஆனால் அன்றைக்கு நான் இறங்காதது நீ நினைக்கிற காரணத்துக்காக இல்லை. நீ சொன்ன பேச்சுக்குப் பழிவாங்கினேன் என்று உன் அம்மாவிடம் சொல்லியிருக்கிறாய். கொஞ்சம் உண்டு, இல்லை என்று சொல்லமாட்டேன். நீ அந்தத் துணியில் நிற்கும்போது எந்தப் பக்கம் பார்ப்பது என்று தெரியாததும் கொஞ்சம் உண்டு. மிச்சம் என்னவென்றால், மாற்றுத் துணி கொண்டுவரவில்லை அம்மிணி. நீ முந்தின நாளே பையில் வைக்கச் சொன்னாய். வேண்டாம் என்று ஓட்டலிலேயே வைத்துவிட்டு வந்தேன். நான் கோவணத்தோடு குதித்துப் பழகினவன். அத்தனை ஜனங்கள் முன்னால் ஜட்டியோடு இறங்கிவிட்டு, ஈர வேட்டியோடு இரண்டரை மணி நேரம் ஏசி பஸ்ஸில் எப்படி உட்காருவது? இதை உன்னிடம் அங்கேயே சொல்லியிருக்கலாம். சொல்ல வெட்கமாக இருந்தது.

உன் அண்ணன் மகளுக்கு ஏழு முடிகிறது. கிணற்றில் அடிமட்டத்தில் நாலடித் தண்ணீர்தான் கிடக்கிறது. ஆடி ஆவணியில் வாய்க்கால் விட்டால் ஏறும். சுரைப்புருடை ஒன்று காயப்போட்டிருக்கிறேன். அவள் அப்பன் வேண்டாம் என்கிறான், கிளாஸில் சேர்த்துவிடலாம் என்கிறான். அவனிடம் நீ ஒரு வார்த்தை பேசு.

என் பாஸ்போர்ட் அடுத்த சித்திரையில் முடிகிறது. புதுப்பிக்கக் கொடுத்திருக்கிறேன்.

அப்பா