சதவீதங்களைக் கூட்டி வகுக்காதீர்கள்: சித்தூர் தாலூக்கா பஞ்சாயத்துகளுக்கு ஒரு திறந்த மடல்

கேரளத்தின் பாலக்காடு மாவட்டத்தில் கொழிஞ்சாம்பாறை, எருத்தேம்பதி, வடகரப்பதி உள்ளிட்ட சித்தூர் தாலூக்கா பஞ்சாயத்துகளின் செயலாளர்களுக்கும் வார்டு மெம்பர்களுக்கும் வணக்கம்.

வீடு வீடாகத் தாய்மொழிக் கணக்கு எடுத்தால் ஒவ்வொரு பகுதிக்கும் ஒரு சதவீதம் கிடைக்கும். அவற்றைக் கூட்டி, பகுதிகளின் எண்ணிக்கையால் வகுத்து, அதையே மொத்தம் என்று எழுதிவிடாதீர்கள். மொழிச் சிறுபான்மையினருக்கான அகில இந்தியப் பாதுகாப்பு ஏற்பாடுகளின்படி, மாவட்டத்திலோ அதற்குக் கீழே தாலூக்கா, நகராட்சி போன்ற பகுதியிலோ 15 சதவீதமோ அதற்கு மேலோ இருந்தால் முக்கிய அறிவிப்புகளையும் விதிகளையும் அவர்கள் மொழியிலும் வெளியிட வேண்டும். 13 என்று எழுதுவதற்கும் 16 என்று எழுதுவதற்கும் நடுவில் ஓர் உரிமையே இருக்கிறது.

கணக்கைப் பாருங்கள். எண்கள் விளக்கத்துக்காக நாங்கள் எடுத்தவை. எந்த ஊரின் உண்மைக் கணக்கும் அல்ல. மூன்று பகுதிகளில் மொத்தம் 2,000 வீடுகள். முதல் பகுதியில் 1,000 வீடுகள், அதில் தமிழ் வீடுகள் 24 சதவீதம். இரண்டாவதில் 600, தமிழ் 12 சதவீதம். மூன்றாவதில் 400, தமிழ் 3 சதவீதம். 24, 12, 3 மூன்றையும் கூட்டி மூன்றால் வகுத்தால் 13. இது தவறு. சதவீதத்தை வீடுகளாக மாற்றுங்கள்: 240, 72, 12. மொத்தம் 324. 2,000-க்கு 324 என்றால் 16.2 சதவீதம்.

முதல் பகுதியில் இருப்பதும் தமிழ் வீடாக இருப்பதும் ஒருசேர அமைவது 2,000-க்கு 240, அதாவது 12 சதவீதம். இதுதான் கூட்டு நிகழ்தகவு: மொத்தத்தில் பகுதியின் பங்கான 0.50-ஐ, பகுதிக்குள் தமிழின் பங்கான 0.24-ஆல் பெருக்குவது. மற்ற இரண்டும் 3.6, 0.6. மூன்றையும் கூட்டினால் கிடைக்கும் 16.2 மொத்த நிகழ்தகவு. பகுதிகளின் பங்குகள் 50, 30, 20. அவை சேர்ந்து 100 ஆகின்றனவா என்று முதலில் சரிபார்க்க வேண்டும். மொத்த வீட்டு எண்ணிக்கையைத் தனியே எடுத்து அதைக் கொண்டு பங்கு கண்டிருந்தால், ஒரு வீடு இரண்டு பகுதிகளில் பதிந்தாலோ, ஒரு பகுதி விட்டுப்போனாலோ அங்கேயே தெரிந்துவிடும்.

ஒரே பஞ்சாயத்துக்குள் வார்டுகள் ஏறக்குறைய ஒரே அளவாக இருந்தால் நேர்ச் சராசரியால் பெரிய பிழை வராது. பெரியதும் சிறியதுமான பஞ்சாயத்துகளைச் சேர்த்துத் தாலூக்கா கணக்குப் போடும்போதுதான் வரும். பிழை எப்போதும் தமிழருக்கு எதிராகவே விழும் என்றும் நாங்கள் சொல்லவில்லை. அதே உதாரணத்தில் முதல் பகுதி 400 வீடுகளாகவும் மூன்றாவது 1,000 வீடுகளாகவும் இருந்தால் உண்மை மொத்தம் 9.9தான், நேர்ச் சராசரி அப்போதும் 13 என்றே காட்டும்.

இன்னும் கவனம் வேண்டிய இடம் ஒன்று உண்டு. பாதுகாப்பு ஏற்பாடு பேசுவது மக்கள்தொகையை, வீடுகளை அல்ல. 324 தமிழ் வீடுகளில் வீட்டுக்குச் சராசரி 3.5 பேர், மற்ற 1,676 வீடுகளில் 4 பேர் என்று வையுங்கள். தமிழர் 1,134 பேர், மற்றவர் 6,704 பேர். 7,838-க்கு 1,134 என்றால் 14.5 சதவீதம். வீட்டுக் கணக்கில் எல்லையைத் தாண்டியது ஆள் கணக்கில் தாண்டவில்லை. தமிழ் வீடுகளில் ஆட்கள் கூடுதலாக இருந்தால் கணக்கு மறுபக்கம் போகும். ஆகவே படிவத்தில் ஆள் எண்ணிக்கைக்கு ஒரு கட்டம் கட்டாயம் வேண்டும்.

'முதல் பகுதி வீடுகளில் 24 சதவீதம் தமிழ்' என்பதும் 'தமிழ் வீடுகளில் 74 சதவீதம் முதல் பகுதியில்' என்பதும் வெவ்வேறு. இரண்டாவது, 324-க்கு 240. தமிழ் அறிவிப்பு எத்தனை பிரதி எங்கே போக வேண்டும் என்று முடிவு செய்ய இரண்டாவதுதான் உதவும்.

பெருக்கும்போது நடக்கும் தவறும் இதே குடும்பம்தான். எல்லா வீடுகளிலும் 25 சதவீதத்தில் தொடக்கப் பள்ளிக் குழந்தைகள் உண்டு என்பதால் 324-இல் கால்பங்கு, 81 தமிழ் வீடுகளில் குழந்தைகள் என்று எழுத முடியாது. அந்த 25 சதவீதம் என்பது தமிழ் வீடுகளுக்குள்ளேயே எடுத்த கணக்காக இருந்தால் மட்டும் பெருக்கலாம். தொடக்கக் கல்வியில் தாய்மொழிப் பிரிவுக்கான அளவுகோல் வகுப்பில் 10 பேர் அல்லது பள்ளியில் 40 பேர் என்பது. அங்கே சதவீதமே வேண்டாம், தலை எண்ணிக்கையே போதும்.

பூட்டிய வீடுகளைத் தனியாகக் காட்டுங்கள். வீட்டில் தமிழும் மலையாளமும் பேசுவோருக்குத் தாய்மொழி எது என்று ஒரே விடை கேளுங்கள். இரண்டு பத்திகளிலும் பதிந்தால் கூட்டுத்தொகை 100-ஐத் தாண்டிவிடும். இடையில் முழு எண்ணாக்காமல் கடைசியில் மட்டும் ஒரு தசம இடத்துக்குச் சுருக்குங்கள். 14.5-ஐ 15 என்று எழுதினால் அதுவும் பொய்க்கணக்குதான்.

அடுத்த கணக்கெடுப்புக்குப் படிவம் அச்சிடும் முன், சதவீதம் என்று வரும் ஒவ்வொரு பத்தியின் தலைப்பிலும் 'எதில் இத்தனை' என்பதைச் சேர்த்து, பக்கத்திலேயே அசல் எண்ணிக்கைக்கும் இடம் விடும்படி கேட்டுக்கொள்கிறோம்.

இப்படிக்கு,
சித்தூர் தாலூக்காவின் தமிழ் வழிக் கணித ஆசிரியர்கள் சிலர்