நான்கு அலமாரியில் ஒரு கண்மாய்

சிவகங்கை
கார்த்திகை 3

அன்புள்ள தேன்மொழி,

உன் கடிதம் கிடைத்துப் பதினைந்து நாளாகிறது. அம்மாவின் கண் அறுவையால்தான் பதில் எழுதத் தாமதம். நல்லபடியாக முடிந்தது. கட்டு அவிழ்த்த அன்று எதிர்ச்சுவரில் தொங்கிய காலண்டரில் நாள், திதி, நட்சத்திரம் எல்லாவற்றையும் வரிசையாக வாசித்துக் காட்டினாள். எனக்குக் கண் கலங்கிவிட்டது. தம்பி மகன் ஓசூரில் வேலைக்குச் சேர்ந்துவிட்டான். அண்ணனுக்குச் சர்க்கரை குறைந்திருக்கிறது என்று எழுதியிருந்தாய், நிம்மதியாக இருந்தது. காலை நடையை விடவேண்டாம் என்று நான் சொன்னதாகச் சொல்.

இனி நீ கேட்டதற்கு வருகிறேன். முதலாண்டுப் பிள்ளைகள் 120 பேரையும் அரங்கத்தில் உட்காரவைத்து, நூலகத்தைப் பயன்படுத்துவது எப்படி என்று ஒரு மணி நேரம் பேச வரமுடியுமா என்று கேட்டிருக்கிறாய். வருகிறேன். ஆனால் அந்த அரங்கம் வேண்டாம், 120 பேரும் ஒரே நாளில் வேண்டாம்.

காரணம் சொல்கிறேன். இருபத்திரண்டு வருடமாக ஒவ்வொரு ஆனியிலும் புதுப் பிள்ளைகளை எங்கள் கல்லூரி நூலகத்துக்குள் வரிசையாக அழைத்துப்போய்க் காட்டியிருக்கிறேன். பையை வெளியே வையுங்கள், இது குறிப்புதவிப் பகுதி, இங்கே பருவ இதழ்கள், புத்தகம் 14 நாளில் திரும்ப வரவேண்டும், பிந்தினால் நாளைக்கு ஒரு ரூபாய். தலையாட்டிவிட்டுப் போவார்கள். ஆறு மாதம் கழித்து அதே பிள்ளை வந்து, "மேடம், பொருளாதாரப் புத்தகம் எங்க இருக்கு?" என்று கேட்கும். அதன்மேல் குற்றமே இல்லை. அன்றைக்கு அதன் கையில் தேடவேண்டிய பொருள் எதுவும் இல்லை. பசி இல்லாதவனுக்குச் சமையலறையைச் சுற்றிக்காட்டியது போலத்தான்.

போன வருடம் ஒரு பெண் வந்தாள். முதுகலைப் பொருளாதாரம், காளையார்கோவில் பக்கத்துக் கிராமம். தன் ஊர்க் கண்மாயைப் பற்றித் திட்டக் கட்டுரை எழுதவேண்டும். கணினி அட்டவணையில் கண்மாய் என்று தட்டியிருக்கிறாள், ஒன்றும் வரவில்லை. ஆங்கில எழுத்தில் தட்டியும் வரவில்லை. "நம்ம லைப்ரரியில கண்மாய் பத்தி எதுவுமே இல்ல மேடம், தலைப்ப மாத்திக்கிறேன்" என்றாள். அந்தச் சொல் என்னை உலுக்கிவிட்டது தேன்மொழி. இல்லாததால் தலைப்பை மாற்றுவது ஒன்று. பெயர் தெரியாததால் மாற்றுவது எவ்வளவு பெரிய இழப்பு!

அவளை உட்காரவைத்து ஒரு வெள்ளைத்தாளைக் கொடுத்தேன். கணினியைத் தொடாதே, முதலில் இந்தப் பொருளுக்கு எத்தனை பெயர் உண்டோ எழுது என்றேன். கண்மாய், ஏரி, குளம், ஏந்தல், தாங்கல் என்று எழுதினாள். பிறகு அதன் உறுப்புகள்: கரை, மடை, கலுங்கு, வரத்துக்கால். பிறகு அதைச் சுற்றிய வேலைகள்: குடிமராமத்து, நீர்ப்பாய்ச்சுகிறவர், தூர் வாருவது. அப்பாவுக்குப் போன் போட்டு இன்னும் நாலு சொல் கேட்டு எழுதினாள். தாள் நிறைந்துவிட்டது. அதன்பிறகுதான் சொன்னேன், ஆங்கிலத்தில் இது 'டேங்க்' என்ற சொல்லுக்குள் கிடக்கிறது என்று. அவளுக்கு நம்பமுடியவில்லை. டேங்க் என்றால் அவளுக்கு மாடியில் இருக்கும் தண்ணீர்த்தொட்டிதான். 'டேங்க் இரிகேஷன்' என்று இரண்டு சொல்லையும் மேற்கோள் குறிக்குள் போட்டுத் தட்டியதும் திரை நிரம்பி வழிந்தது.

அடுத்து ஊர்ப்பெயர். சிவகங்கை மாவட்டம் என்று தேடினால் 1985க்கு முன்னால் எதுவும் சிக்காது. அதற்கு முன் இது ராமநாதபுரம் மாவட்டம், ஆங்கிலப் பதிவுகளில் 'ராம்நாட்'. அந்த மாவட்டமே 1910இல்தான் உண்டானது, அதற்கும் முன்னால் 'மதுரா', அதாவது மதுரை மாவட்டத்தில் பார்க்கவேண்டும். புது மாவட்டமான பிறகும் 1997 வரை பசும்பொன் முத்துராமலிங்கத் தேவர் பெயரில் இருந்தது. ஒரே மண், நாலு பெயர். நெல்சன் 1868இல் எழுதிய மதுரை நாட்டுக் கையேடு எங்கள் குறிப்புதவிப் பகுதியில் மறுபதிப்பாகக் கீழ்த்தட்டில் இருக்கிறது. அதை எடுத்துக் கொடுத்தேன். அன்று மாலை மணி அடிக்கும்வரை அவள் எழுந்திருக்கவில்லை.

அலமாரிக்கு அழைத்துப்போனது அதற்குப் பிறகுதான். பொருள்வாரியாக நூல்களுக்கு எண் கொடுக்கிற டியூயி பகுப்புமுறையை நாங்கள் வைத்திருக்கிறோம் அல்லவா, அதில் கண்மாய் ஒரே இடத்தில் இருக்காது. பாசனத்தை வேளாண்மையாகப் பார்த்தால் 631.587, பொறியியலாகப் பார்த்தால் 627.52, நீர்வளப் பொருளாதாரமாகப் பார்த்தால் 333.913, தமிழ்நாட்டு வரலாறாக எழுதியிருந்தால் 954.82. நாலு அலமாரிக்கும் நடந்தோம். ஒரு எண்ணில் ஒரு புத்தகம் கிடைத்தால் அதன் இடப்பக்கமும் வலப்பக்கமும் பத்துப் பத்துப் புத்தகத்தைத் தடவிப் பார் என்றேன். அரைமணி நேரத்தில் முடிந்த அந்த நடைக்கு முன்னால் என் இருபத்திரண்டு வருடச் சுற்றுலா நிற்காது. அவளிடம் கேள்வி இருந்தது, அதனால் ஒவ்வொரு எண்ணும் அவளுக்கு ஒரு தெருப்பெயராகப் பதிந்தது.

ரங்கநாதனைப் பற்றி மதுரையில் படித்த காலத்திலேயே உன்னிடம் எவ்வளவோ பேசியிருக்கிறேன். சீர்காழியில் பிறந்து, மாநிலக் கல்லூரியில் கணிதம் சொல்லிக்கொடுத்து, 1924இல் சென்னைப் பல்கலைக்கழக நூலகரானவர். 1931இல் அவர் நூலாக்கிய நூலக அறிவியலின் ஐந்து விதிகளில் மூன்றாவது, ஒவ்வொரு நூலுக்கும் அதன் வாசகர் உண்டு என்பது. தேர்வுக்காக அதை மனப்பாடம் செய்தேன். அந்தக் கீழ்த்தட்டுப் புத்தகத்துக்கு காளையார்கோவிலிலிருந்து வாசகர் வந்த அன்றுதான் அது எனக்கு முழுதாக விளங்கியது.

உன் பிள்ளைகள் தமிழ் படிக்கிறவர்கள் என்பதால் இன்னொன்றையும் கட்டாயம் சொல்லிக்கொடுக்கவேண்டும். வெளிநாட்டுப் பல்கலைக்கழக அட்டவணைகளில் சிலப்பதிகாரத்தை ஆங்கில 'எஸ்' எழுத்தில் தேடினால் பெரும்பாலும் கிடைக்காது. தமிழ்ப் பேரகராதியின் எழுத்துபெயர்ப்பைப் பின்பற்றி, சகரத்தை ஆங்கில 'சி' (C) எழுத்தில்தான் எழுதுவார்கள். சாமிநாதையரும் அங்கே 'சி'யில்தான் இருக்கிறார். இது ஒன்று தெரியாமல், அங்கே தமிழ் நூலே இல்லை என்று முடிவுகட்டிய ஆய்வாளர்களைப் பார்த்திருக்கிறேன். தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் மின்னூலகத்தையும், ஈழத்து நூல்களுக்கு 'நூலகம்' என்ற இணையதளத்தையும் உடன் அமர்ந்து திறந்து காட்டு. சென்னைக்குப் போகிற பிள்ளை யாராவது இருந்தால் ரோஜா முத்தையா நூலகத்துக்குப் போகச் சொல். கோட்டையூரில் ஒரு மனிதர் தனியாகச் சேர்த்த புத்தகங்கள் இன்று எத்தனை ஆய்வுகளைத் தாங்குகின்றன என்று அவர்களே பார்க்கட்டும்.

செயற்கை நுண்ணறிவைப் பற்றிக் கவலைப்பட்டு எழுதியிருந்தாய். எனக்கும் அந்தக் கவலை உண்டு. போன பருவத்தில் எம்.காம். பையன் ஒருவன் எட்டுக் கட்டுரைகளின் பட்டியலோடு வந்தான், எல்லாம் ஒரு செயலி கொடுத்தது. ஒன்றைக்கூடத் தேடி எடுக்கமுடியவில்லை என்றான். நான் திட்டவில்லை. இதழின் பெயர், ஆண்டு, தொகுதி, பக்கம் என்று ஒவ்வொன்றாக இருவரும் சரிபார்த்தோம். இதழ்கள் உண்மையானவை. அந்தப் பக்கங்களில் வேறு யாரோ வேறு எதையோ எழுதியிருந்தார்கள். எட்டில் ஐந்து கட்டுரைகள் எங்குமே இல்லை. "இருக்கிற மாதிரியே இருந்துச்சே மேடம்" என்றான், பாவம். அந்தச் செயலி அலமாரியைப் பார்த்துவிட்டுச் சொல்வதில்லை, அடுத்து வரக்கூடிய சொல்லைக் கோத்துக்கொண்டே போகிறது என்று விளக்கினேன். அதிலிருந்து என்னிடம் வருகிறவர்களுக்கு ஒரே நிபந்தனை. கட்டுரையைத் திறந்து ஒரு பக்கமாவது படித்த பிறகுதான் அதன் பெயர் உங்கள் பட்டியலில் ஏறவேண்டும்.

அதே பையனுக்கு சோத்கங்காவைக் காட்டினேன். பல்கலைக்கழக நூலகங்களை இணைக்கிற, காந்திநகரிலுள்ள இன்ஃபிலிப்நெட் மையம் நடத்தும் இணையதளம் அது, இந்தியப் பல்கலைக்கழகங்களின் முனைவர்பட்ட ஆய்வேடுகள் அதில் கிடைக்கும். ஆய்வேட்டை முதலிலிருந்து படிக்காதே, கடைசியிலுள்ள நூற்பட்டியலைப் படி என்றேன். மூன்று நாலு வருடம் ஒருவர் அலைந்து சேர்த்தது அங்கே இருக்கிறது. நம் கண்மாய்ப் பெண்ணும் அப்படித்தான் டேவிட் மாஸ் 2003இல் எழுதிய நூலைப் பிடித்தாள். இந்தப் பக்கத்துக் கண்மாய்களைப் பற்றியே ஒரு வெளிநாட்டு மானிடவியலாளர் முழுப் புத்தகம் எழுதியிருக்கிறார் என்றதும் அவள் முகத்தைப் பார்த்திருக்கவேண்டும் நீ.

உங்களுடையது அரசுக் கல்லூரி. 'ஒரே நாடு ஒரே சந்தா' திட்டத்தில் ஏறக்குறைய 13,000 ஆய்விதழ்களை அரசு நிறுவனங்களுக்குத் திறந்துவிட்டிருக்கிறார்கள், 2025 முதல் மூன்று வருடத்துக்கு 6,000 கோடி ரூபாய். உங்கள் நூலகரிடம் கேட்டு, கடவுச்சொல்லும் வழியும் பிள்ளைகள் கைக்கு வந்திருக்கிறதா என்று பார். எங்களைப் போன்ற உதவிபெறும் கல்லூரிக்கு மின்னிதழ்களும் மின்னூல்களும் தருகிற என்-லிஸ்ட் திட்டம்தான், அதையே பாதிப் பேர் திறந்து பார்ப்பதில்லை.

ஆகவே என் யோசனை இது. அடுத்த பருவம் தொடங்கியதும் வேண்டாம். நீ ஒப்படைப்புத் தலைப்புகளைக் கொடு. தை பிறந்து, அவர்கள் தேடிப் பார்த்து, கிடைக்காமல் திணறுகிற வாரத்தில் நான் வருகிறேன். பத்துப் பத்துப் பேராக, இரண்டு நாள். அரங்கத்தில் வேண்டாம், உங்கள் நூலகத்திலேயே. ஆளுக்கொரு வெள்ளைத்தாள் மட்டும் போதும். உங்கள் நூலகரும் கூடவே இருக்கவேண்டும், ஏனென்றால் நான் ஊர் திரும்பிய பிறகு பிள்ளைகள் போய் நிற்கவேண்டியது அவரிடம்தான்.

தலைப்புகளை மார்கழிக்குள் அனுப்பிவிடு. ஒவ்வொன்றுக்கும் எங்கெங்கே என்னென்ன இருக்கிறது என்று நானும் முன்கூட்டியே தேடிப் பார்த்துக்கொண்டு வரவேண்டும். அம்மா போட்ட நார்த்தங்காய் ஊறுகாய் ஒரு பாட்டில் உனக்கென்று எடுத்து வைத்திருக்கிறேன்.

அன்புடன்,
கோமதி