முன்னறிவித்தல் முதலாளிக்கு மட்டுமா?

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

சென்ற ஞாயிறு உங்கள் பத்திரிகையில் வந்த சம சம்பளக் கட்டுரையை இரண்டு தரம் வாசித்தேன். ஒரே வேலைக்கு ஆணுக்கும் பெண்ணுக்கும் ஒரே சம்பளம் என்று ஒரு சட்டம் வந்தாலும், முதலாளிமாருக்கு முன்கூட்டியே அறிவித்து அவர்கள் பக்கத்தைக் கேட்காமல் வழக்குப் போடுவது அநீதி என்று எழுதியிருந்தார்கள். சரி, நானும் ஒத்துக்கொள்கிறேன். ஒருவரைக் கேட்காமல் குற்றவாளி ஆக்கக்கூடாதுதான். ஆனால் அவ்வளவு நீளமான கட்டுரையில் முறைப்பாடு செய்கிற பெண்ணைப் பற்றி ஒரு வரிகூட இல்லை. அதுதான் மனதில் தைத்தது.

நான் பதினொரு வருடம் ஓர் அரிசி ஆலையில் வேலை செய்தேன். அவித்த நெல்லைச் சீமெந்துத் தளத்தில் பரவி, வெயிலில் கிளறி, காய்ந்ததும் அள்ளிச் சாக்கில் கட்டுவது எங்கள் வேலை. மத்தியானத்தில் தளம் கொதிக்கும். பழைய சொக்ஸ் இரண்டு சோடி மாட்டிக்கொண்டுதான் கால் வைப்போம். நெல்லுச் சுணை கழுத்தெல்லாம் அரித்து இரவில் நித்திரை வராது. ஆண்கள் மூட்டை ஏற்றுவார்கள். லொறி வராத நாளில் அவர்களும் எங்களோடு நின்று அதே நெல்லைத்தான் கிளறுவார்கள். அன்றைக்கும் அவர்களுக்கு 2,200, எங்களுக்கு 1,400.

கேட்டால், "சட்டத்தில் உள்ளதைவிடக் கூடத்தானே தாறன்" என்பார் முதலாளி. அதில் பொய் இல்லை என்பதுதான் வயிற்றெரிச்சல். 2016ஆம் ஆண்டின் 3ஆம் இலக்கக் குறைந்தபட்ச வேதனச் சட்டம் நாட்சம்பளம் 400 ரூபாய்க்குக் குறையக்கூடாது என்று தொடங்கியது, 2025இல் 1,080 ஆக்கினார்கள். அதற்கு மேலே ஆணுக்கு எவ்வளவு, பெண்ணுக்கு எவ்வளவு என்று அந்தச் சட்டம் கேட்பதில்லை. சர்வதேச தொழில் அமைப்பின் சம ஊதியத்துக்கான 100ஆம் இலக்கச் சமவாயத்தை இலங்கை ஏற்றது 1993இல். அரசியலமைப்பின் 12ஆம் உறுப்புரையும் பால் வேறுபாடு கூடாது என்கிறது. ஆனால் 126ஆம் உறுப்புரையின் கீழ் அடிப்படை உரிமை வழக்கோடு உயர் நீதிமன்றம் போவதென்றால் அரசாங்கம் செய்த குறையாக இருக்கவேண்டும். ஆலை முதலாளியை அங்கே நிறுத்த வழியில்லை.

என் அம்மா 1977 கலவரத்தில் மலையகத் தோட்டத்தை விட்டு வன்னிக்கு வந்தவர். அந்த மலையகத் தோட்டங்களில் பெண்ணுக்கும் ஆணுக்கும் ஒரே சம்பளம் என்று ஆனது 1984இல்தான். அதற்குள் அம்மா இங்கே வந்து கச்சான் பிடுங்கப் போய்விட்டார், இங்கேயும் பெண்கூலிதான். இன்று இங்கே என் மகள் கூலிக்குப் போகிற தோட்டத்திலும் அதே பெண்கூலிக் கணக்குத்தான்.

முதலாளி எங்கள் பெயரில் கட்டவேண்டிய சேமலாப நிதியை (EPF) கட்டவில்லை என்று நாங்கள் மூன்று பேர் ஒருமுறை தொழில் திணைக்களத்துக்கு முறைப்பாடு கொடுத்தோம். சம்பள வித்தியாசத்தையும் அதே கடிதத்தில் எழுதினோம். அதிகாரிகள் விசாரணைக்கு வரும் நாள் முதலாளிக்கு முதலே தெரிந்திருந்தது. முந்தின நாள் பின்னேரம் புதிய பதிவேடு ஒன்றில் எங்கள் எல்லோரிடமும் கையெழுத்து வாங்கினார்கள், நாட்களைக் குறைத்து எழுதி. மறுநாள் அதிகாரிகள் முதலாளியின் மேசைக்கு முன்னாலேயே நிற்கவைத்து, "உங்களுக்கு என்ன குறை?" என்று கேட்டார்கள். அவர் பார்த்துக்கொண்டிருக்க என்னத்தைச் சொல்வது? அடுத்த கிழமை எங்கள் மூன்று பேருக்கும் வேலை இல்லை. அவருக்குக் கடிதம் வந்தது, அவகாசம் கிடைத்தது, கணக்காளரும் கூட வந்தார். எங்களுக்கு முறைப்பாடு கிடைத்தது என்றுகூட ஒரு துண்டு வரவில்லை. வழக்குப் போட்டார்களா, மூடிவிட்டார்களா, இன்றுவரை தெரியாது. நுண்கடன்காரர் மட்டும் கிழமை தவறாமல் படலையில் வந்து நின்றார்.

இரு பக்கத்தையும் கேட்பது என்றால் எங்களைத் தனியாகக் கேட்கவேண்டும். பெயரை வெளியில் விடக்கூடாது. முடிவை எங்கள் கைக்கும் எழுத்தில் தரவேண்டும். இதெல்லாம் உங்களுக்குத் தெரியாததல்ல ஐயா, தெரிந்தும் அந்தக் கட்டுரையை அப்படியே விட்டீர்களே என்பதுதான் கவலை.

உங்களிடம் கேட்பது அரைப்பக்கம். சம்பளம், சேமலாப நிதி பற்றிய முறைப்பாட்டை எங்கே கொடுப்பது, கையில் என்ன ரசீது வாங்குவது, பெயரை மறைக்கச் சொல்லிக் கேட்கலாமா என்று எளிய தமிழில் போடுங்கள். எங்கள் சனசமூக நிலையத்துக்கு உங்கள் பத்திரிகை வருகிறது. வெட்டி ஆலை வாசல் கடையில் ஒட்டிவிடுகிறேன்.

இப்படிக்கு,
ஆலைத் தொழிலாளியாக இருந்த ஒருத்தி,
தர்மபுரம், கிளிநொச்சி.