இருபதாவது இதழ் வந்துவிட்டது: உடன் நின்றவர்களுக்கு நன்றி

அன்புடையீர், வணக்கம்.

எங்கள் காலாண்டிதழின் இருபதாவது இதழ் இந்த வாரம் கடலூர், பண்ருட்டி, நெய்வேலி, புதுச்சேரி வாசகர்கள் கைக்கு வந்துவிட்டது. டெமி என்னும் வழக்கமான புத்தக அளவு, 96 பக்கம், 500 பிரதி. எழுதியவர்கள் பெயர் உள்ளே இருக்கிறது. உழைத்தவர்கள் பெயர் எங்கும் இல்லை. வேண்டாம் என்று நீங்களே சொல்லிவிட்டீர்கள். பெயர் போடாவிட்டாலும், நீங்கள் செய்த வேலை இன்னதென்று ஊருக்குத் தெரிய வேண்டும். அதற்காகத்தான் இந்த மடல்.

முதல் நன்றி மெய்ப்பு பார்த்து எழுத்துப்பிழை களைந்த நால்வருக்கு. படைப்புகள் ஒரே மாதிரி வருவதில்லை. சிலர் கைப்பேசியில் யூனிகோடில் அடித்து அனுப்புகிறார்கள், சிலர் பாமினி போன்ற பழைய எழுத்துருவில், சிலர் நோட்டில் எழுதிப் படம் எடுத்து. பழைய எழுத்துருவை மாற்றும்போது ‘ௌ’ என்ற ஒரே குறி, கொம்பு தனி, ‘ள’ தனி என்று உடைந்துவிடும். ‘கௌரி’ கண்ணுக்குச் சரியாகத்தான் தெரிவாள். வரியின் கடைசியில் வந்தால்தான் குட்டு வெளிப்படும்: ‘கெ’ மேல் வரியில், ‘ளரி’ கீழ் வரியில். தேடி மொத்தமாக மாற்றவும் முடியாது. மாற்றினால் ‘வெள்ளம்’, ‘தெளிவு’ எல்லாம் கெட்டுவிடும். ஒவ்வொன்றாகத்தான் பார்க்க வேண்டும். பார்த்தீர்கள்.

அதைவிடப் பெரிய உதவி, திருத்தாமல் விட்டது. நம் பக்கத்துக் கதையில் ஒருத்தி ‘கொல்லைக்குப் போனாள்’ என்றால் முந்திரிக்கோ மல்லாட்டைக்கோ வேலைக்குப் போகிறாள் என்று பொருள். தஞ்சாவூர்ப் பக்கத்தில் அதே சொல்லுக்கு வீட்டின் பின்புறம், காலைக்கடன் என்று பொருள் போய்விடும். தெரியாத கை அதை ‘வயலுக்கு’ என்று மாற்றும். மல்லாட்டையை ‘நிலக்கடலை’ ஆக்கும். பேச்சில் வரும் ‘மய’யை ‘மழை’ ஆக்கும். ஒவ்வொன்றும் தனித்தனியே சரியாகத்தான் இருக்கும், ஆனால் பேசுகிறவள் பண்ருட்டிக்காரியாக இருக்கமாட்டாள். நீங்கள் வகுத்துக்கொண்ட முறை எளிமையானது. கதை சொல்பவரின் நடையில் ஒற்று, ர-ற, ண-ன எல்லாம் கறாராகப் பார்ப்பது. மேற்கோள் குறிக்குள் வரும் பேச்சில் எழுதியவரைக் கேட்காமல் கை வைப்பதில்லை. சந்தேகம் வந்தால், நம் வட்டாரச் சொற்களைக் கண்மணி குணசேகரன் தொகுத்த நடுநாட்டுச் சொல்லகராதியைப் புரட்டுவது. முதல்முறை எழுதுகிற பிள்ளைகளுக்கு இதைவிடப் பெரிய ஆதரவு கிடையாது. தன் அம்மா பேசுகிற சொல் அச்சில் அப்படியே நிற்பதைப் பார்த்தவர்கள் அடுத்த கதையையும் எழுதுகிறார்கள்.

அச்சக நண்பர்களுக்கு அடுத்த நன்றி. ஒரே தாளில் இருபுறமும் அச்சாகும் 16 பக்கம் ஒரு ஃபாரம், ஆறு ஃபாரம் 96 பக்கம். கடைசி நேரத்தில் பக்கம் 98 ஆகிவிட்டபோது, அரை ஃபாரம் கூட்டி 104 பக்கமாக ஆக்கச் சொல்லிப் பணம் வாங்கியிருக்கலாம். மாறாக, பக்கத்துக்கு ஒரு வரி கூட்டினால் உள்ளே அடங்கிவிடும் என்று உட்கார்ந்து காட்டினீர்கள். தாளும் அப்படித்தான். 80 ஜிஎஸ்எம், அதாவது சதுர மீட்டருக்கு 80 கிராம் எடையுள்ள தாள், கைக்கு நன்றாக இருக்கும். ஆனால் பிரதிக்குப் பதினான்கு கிராம் கூடும், அது அப்படியே தபால் செலவில் வந்து விழும். 60 என்றால் பின்பக்க எழுத்து முன்பக்கம் தெரியும். 70 ஜிஎஸ்எம் மேப்லித்தோ தாள் என்று நீங்கள் சொன்னதுதான் சரி. ஆறு ஃபாரத்துக்கு 3,000 தாள், அதாவது ஆறு ரீம். வீணாகும் தாளுக்குத் தனியாகக் கொஞ்சம். தாளின் இழை முதுகுக்கு இணையாக ஓடும்படி வாங்கச் சொன்னதும் நீங்கள்தான். குறுக்கே ஓடினால் இதழ் விரித்து நிற்காது, முதுகு அலை அலையாக நெளியும். ஐப்பசி கார்த்திகை ஈரத்தில் மை காய நேரமாகும். அவசரப்பட்டு அடுக்கினால் ஒரு தாளின் மை அடுத்த தாளின் பின்பக்கத்தில் ஒட்டிவிடும். அதற்காக ஒரு நாள் கூடுதலாகக் காத்திருந்தீர்கள்.

பைண்டிங் செய்த அக்காமார்களே, உங்களைச் சொல்லாமல் விட்டால் இந்த மடலுக்கு அர்த்தமில்லை. முன்பு சென்டர் பின் அடித்த இதழ்களை இப்போது எடுத்துப் பார்த்தால் கடல்காற்றில் பின் துருப்பிடித்து நடுப்பக்கத்தில் காவிக் கறை. 48 இலை வரும்படி மொத்தமாக நடுவே மடித்தால் உள் இலைகள் வெளியே பிதுங்கும், வெட்டும்போது அந்தப் பக்கங்களின் ஓரம் குறுகிவிடும். இப்போது ஆறு ஃபாரத்தையும் தனித்தனியே மடித்து நூலால் தைத்துப் பசை போடுகிறீர்கள். செலவு கூடத்தான், ஆனாலும் உறுதியாக நிற்கிறது. ஒவ்வொரு ஃபாரத்தின் முதுகு மடிப்பிலும் ஒரு சின்னக் கறுப்புக் கோடு, ஒன்றைவிட ஒன்று கொஞ்சம் கீழே. ஆறும் சரியாக அடுக்கினால் முதுகில் ஒரு படிக்கட்டு தெரியும். ஒரு படி விடுபட்டாலோ இரட்டித்தாலோ கண் உடனே பிடித்துவிடும். அப்படிப் பிடித்து நீங்கள் ஒதுக்கி வைத்த பிரதிகள் வாசகர் கைக்குப் போயிருந்தால் கதையின் பாதியில் வேறு கதை வந்திருக்கும்.

2024 நவம்பர் 30 இரவு ஃபெஞ்சல் புயல் புதுச்சேரிக்கு அருகே கரை கடந்து, அடுத்தடுத்த நாட்களில் தென்பெண்ணை வெள்ளம் கடலூர்ப் பக்கம் புகுந்தபோது எங்கள் தாள்கட்டுகளை வைக்க மாடியறை ஒன்றைத் திறந்துவிட்ட குடும்பத்துக்கு நன்றி. நனைந்த தாளைக் காயவைத்தாலும் நெளிவு போகாது. பூஞ்சைப் புள்ளி ஏறிவிட்டால் பக்கத்துக் கட்டுக்கும் பரவும். கட்டுகளைச் சுவரோடு ஒட்டாமல் பலகை மேல் அடுக்கும் பழக்கம் அந்த வீட்டில் கற்றது.

சந்தாதாரர்களே, பாரதியின் ‘இந்தியா’ இதழ் 1908-இல் பிரெஞ்சுப் புதுச்சேரிக்கு வந்தது. எழுத ஆள் இருந்தது, அச்சிட இடம் இருந்தது. ஆங்கில அரசு தன் எல்லைக்குள் அது நுழையத் தடை போட்டது, 1910-இல் நின்றுபோனது. வாசகர் கைக்குப் போகும் வழி அடைபட்டால் எந்த இதழும் நிலைக்காது. நாளிதழுக்கும் மாத இதழுக்கும் உள்ள அஞ்சல் சலுகை காலாண்டிதழுக்குக் கிடையாது. அது தெரிந்துதான், கேட்காமலே தபால் செலவையும் சேர்த்து அனுப்பினீர்கள். வீடு மாறியவர்கள் புதிய கதவு எண்ணையும் ஆறு இலக்கப் பின்கோடையும் முன்கூட்டியே சொன்னதால், திரும்பி வரும் உறைகள் வெகுவாகக் குறைந்துவிட்டன. கையில் கிடைக்கும்வரை தேடிக் கொடுத்த தபால்காரர்களுக்கும் நன்றி.

விற்பனைக் கழிவைப் பாதியாகக் குறைத்துக்கொண்டு விற்றுத் தந்த புத்தகக் கடைகளுக்கும், படிக்கும் மேசையில் முன்வரிசையில் வைத்த நூலகர்களுக்கும், மஞ்சக்குப்பத்தில் கொடிக்கம்பியில் மாட்டி வைத்த டீக்கடை அண்ணனுக்கும் எங்கள் நன்றி.

இந்த இதழில் எழுதியவர்கள் தலா இரண்டு பிரதிகளை ஞாயிறு காலை அச்சகத்தில் நேரில் வாங்கிக்கொள்ளலாம். வர இயலாதவர்களுக்குத் திங்கள்கிழமை தபாலில் சேர்க்கிறோம்.

அன்புடன்,
ஆசிரியர் குழு
கடலூர்